செண்பகாதேவியில் கூப்பிட்ட பெயர்

இலத்தூர் அத்தானோடு அருவிக்குக் குளிக்கப் போவதும் பட்டாளத்தில் சேருவதும் ஒன்றுதான் என்று என் அக்கா சொல்லுவாள். சொல்ல அவளுக்கு உரிமை உண்டு. அந்த மனிதரைக் கட்டிக்கொண்டு குடித்தனம் நடத்தியவள் அவள். முந்தின யுத்தத்தில் பஸ்ராவரை போய் முழுசாகத் திரும்பி வந்தவர் அத்தான். கூடப் போனவர்கள் எல்லோரும் அப்படித் திரும்பவில்லை. அதனாலோ என்னவோ, ஊருக்கு வந்த பிறகு குளத்தில் கால் அலம்பப் போனால்கூட, வழுக்கினால் எதைப் பிடிப்பது என்று பார்த்துவிட்டுத்தான் படியில் கால் வைப்பார். நாங்கள் வாயைப் பொத்திக்கொண்டு சிரிப்போம். இன்று சிரிக்க மாட்டேன். என் தாலி கழுத்தில் தங்கியது பாதி அவரால். மீதிப் பாதி எதனால் என்பதைச் சொல்லத்தான் இதை எழுதுகிறேன்.

அடுத்த யுத்தம் இன்னும் வரவில்லை. ரேஷன் என்ற சொல்லே எங்களுக்குத் தெரியாது. எனக்குக் கலியாணமாகி ஒரு வருஷம் ஆகியிருந்தது. பிறந்த வீடு அச்சன்புதூர், வாழ வந்த வீடு தென்காசி. அந்த ஆனியில் சாரல் நன்றாகப் பிடித்துக்கொண்டது. குற்றாலத்தில் பெரிய அருவியில் தலை நுழைக்க இடமில்லை என்று போய் வந்தவர்கள் சொன்னார்கள். மலைமேல் செண்பகாதேவிக்கு ஏறி, அம்மனைக் கும்பிட்டு, அங்கேயே குளித்துவிட்டு வருவோம் என்று அக்காதான் ஆசையைக் கிளப்பிவிட்டாள். அக்காவும் அத்தானும், நானும் என் வீட்டுக்காரரும், எங்கள் சித்தப்பா மகன்மார் இரண்டு அண்ணன்மாரும் அவர்கள் வீட்டு மயினிமாரும். ஆக நாலு ஜோடி. முதல் நாள் சாயங்காலமே எல்லோரும் எங்கள் தென்காசி வீட்டில் வந்து கூடிவிட்டார்கள்.

கூடியதும் அத்தான் எங்களை முற்றத்தில் வரிசையாக நிறுத்தினார். காப்பி குடிக்கக்கூட விடவில்லை. அட்டை கடித்தால் வைக்க உப்பு, ஆளுக்கு ஒரு பொட்டலம். பாம்புக்குக் கம்பு. தேன்கூடு தொங்குகிற பாறைப்பக்கம் யாரும் பீடி பற்றவைக்கக் கூடாது. யானை வந்தால் என்ன செய்வது என்று சின்ன அண்ணன் கேட்டதற்கு, "ஓடணும்" என்றார், முகத்தில் சிரிப்பே இல்லாமல். நீளமான தேங்காய்நார்க் கயிறு ஒன்றைத் தோளில் மாட்டியிருந்தார். அதை இழுத்து இழுத்துப் பார்த்துவிட்டு, கடைசியாகத் தண்ணீருக்கு வந்தார்.

"மேல மழை பெஞ்சா இங்கன ஒரு பயலுக்கும் தெரியாது. நமக்கு வெயிலடிச்சுக்கிட்டு இருக்கும், அங்கன வெள்ளம் பொறப்பட்டிருக்கும். தண்ணி நெறம் மாறுதா, சருகு அடிச்சுக்கிட்டு வருதான்னு ஒரு ஆளு மேட்டுல நின்னு பாத்துக்கிட்டே இருக்கணும். அவன் குளிக்கக் கூடாது. குளிச்சவன் வந்து அவனை மாத்திவிடணும்."

மேட்டில் நிற்கிற ஆள் சிவப்புத் துண்டை வீசவேண்டும். வீசியதும் அத்தான் விசில் ஊதுவார். ஊதியதும் எல்லோரும் கரைக்கு வந்துவிடவேண்டும். பாதை இருக்கிற கரைப்பக்கம்தான் குளியல். அக்கரைக்கு யாரும் போகக் கூடாது, போனால் வெள்ளம் வடியும்வரை அங்கேயே கிடக்கவேண்டியதுதான். இதெல்லாம் சரி. எங்களுக்கும் புரிந்தது. அடுத்ததில்தான் வண்டி சகதியில் இறங்கியது.

"விசில் ஊதுன உடனே பொம்பளைங்க அவங்கவங்க ஜோடியைப் பேர் சொல்லிக் கூப்பிடணும். ஆம்பளை 'இருக்கேன்'னு சத்தம் குடுக்கணும். எவன் சத்தம் குடுக்கலையோ, அவனைத்தான் தேடணும். எங்க, இப்பம் ஒருதரம் பாப்போம்."

விசிலை ஊதினார். ஒருத்தி வாயும் திறக்கவில்லை.

"என்ன, வாயில கொழுக்கட்டையா?"

அக்கா பொறுக்க மாட்டாமல் சொன்னாள்: "உங்க பட்டாளத்துல எவனாவது பொண்டாட்டியைக் கூட்டிக்கிட்டு வந்திருந்தானா? புருஷன் பேரைப் பொம்பளை எப்படிச் சொல்லுவா? சொன்னா அவங்க ஆயுசு குறையும்னு தெரியாதாக்கும்?"

"ஆயுசைக் காப்பாத்தத்தானட்டி இந்த ஏற்பாடே!"

அடுக்களை நிலையில் சாய்ந்து நின்று இதையெல்லாம் பார்த்துக்கொண்டிருந்த என் மாமியார் அப்போதுதான் வாயைத் திறந்தார். "எங்க வீட்டுல அந்தப் பேரை எந்தப் பொம்பளையும் சொன்னதில்ல, தம்பி. இனியும் சொல்லமாட்டா" என்றார். 'தம்பி' என்றது அத்தானை, சொன்னது எனக்கு.

அந்த வீட்டில் அது கொஞ்சம் பெரிய விஷயம். என் வீட்டுக்காரருக்கு வைத்திருந்தது அவருடைய தாத்தா பெயர். தாத்தா என்றால் என் மாமியாருக்கு மாமனார். மாமனார் பெயரை மருமகள் சொல்லலாமா? அதனால் பெற்ற பிள்ளையை அது பிறந்த நாளிலிருந்து "பெரியவனே" என்றுதான் கூப்பிட்டார். போதாததற்கு அது மலைமேல் இருக்கிற சாமியின் பெயர்களில் ஒன்று. ஆகவே சாமி கும்பிடும்போதும் "மலைக்கோயில் ஐயா" என்று சுற்றி வளைத்துத்தான் கும்பிடுவார். நான் வந்து சேர்ந்த முதல் வாரத்திலேயே எனக்கும் அந்தச் சுற்றுவழியைச் சொல்லிக்கொடுத்துவிட்டார். இந்தக் காகிதத்திலும் அந்தப் பெயர் வராது, தேடவேண்டாம்.

அத்தான் தோற்றுப்போய், "சரி, 'ஏங்க'ன்னாவது கூப்பிட்டுத் தொலைங்க" என்றார். மறுபடி விசில். நாலு பெண்கள் "ஏங்க" என்றோம். நாலு ஆண்கள் ஒன்றாக "இருக்கேன்" என்றார்கள். யார் யாரைக் கூப்பிட்டது, யார் யாருக்குப் பதில் சொன்னது, ஒன்றும் தெரியவில்லை. என் வீட்டுக்காரர்தான் எல்லோரையும்விடப் பெரிதாகச் சிரித்தார். அத்தான் தலையில் அடித்துக்கொண்டு காப்பி குடிக்கப் போனார்.

மறுநாள் விடிந்ததும் வண்டி கட்டிக் குற்றாலத்துக்குப் போனோம். மலையேறுவதற்கு முன்னால் ஒரு மரத்தடியில் உட்கார்ந்து சாப்பாட்டு மூட்டையை அவிழ்த்தோம். புளிச்சோறு நான் கிண்டியது. பிறந்த வீட்டுக்காரர்கள் எல்லோரும் சாப்பிடப்போகிறார்கள் என்று எள்ளு வறுத்துப் பொடித்துப் போட்டு, ஆசை ஆசையாகக் கிண்டியிருந்தேன். என் வீட்டுக்காரர் ஒரு கவளம் வாயில் போட்டார். மென்றார். பிறகு சத்தமாகச் சொன்னார்:

"சகலை, அட்டைக்குக் கொண்டாந்த உப்புல ஒரு பொட்டலம் இங்கன தள்ளும்வே. அட்டை ஒண்ணும் கோவிச்சுக்கிடாது."

எல்லோரும் சிரித்தார்கள். என் அக்கா சிரித்தாள். மயினிமார் முந்தானையை வாயில் வைத்துக்கொண்டு குலுங்கினார்கள். எனக்கோ மூக்குக்கு மேலே கோபம் வரும். இப்போதும் அப்படித்தான், இந்த வயதிலும் குறையவில்லை. வீட்டில் தனியாக இருக்கும்போது சொன்னால் என்ன? நாலு பேர் நடுவில், அதுவும் என் ஆட்கள் நடுவில் சொல்லவேண்டுமா? இந்த மனுஷனோடு இனிமேல் பேச்சே கிடையாது என்று அந்த மரத்தடியிலேயே முடிவு செய்துவிட்டேன். மலை ஏறும்போது கை கொடுத்தார், பிடிக்கவில்லை. அட்டை ஒன்று என் கணுக்காலில் ஒட்டியதைக் காட்டினார். அவர் கையிலிருந்த உப்பை வாங்காமல் அக்காவின் பொட்டலத்தை வாங்கி வைத்தேன். அவரும் சளைத்தவர் இல்லை. "அட்டைக்கும் உப்பு கம்மியாத்தான் வைக்குதா இவ" என்று பெரிய அண்ணனிடம் சொல்லிக்கொண்டே முன்னால் போனார்.

அம்மனைக் கும்பிட்டு முடித்து அருவிப்பக்கம் வந்தோம். பெரிய அண்ணனை மேட்டுப் பாறையில் ஏற்றிச் சிவப்புத் துண்டைக் கையில் கொடுத்தார் அத்தான். அங்கே நின்றால் மேலே ஆறு திரும்பி வருகிற இடம் தெரியும். பெண்கள் முதலில் குளித்தோம். நல்ல தண்ணீர், பாலாக விழுந்தது. நாங்கள் சீயக்காய் போட்டுத் தலை முழுகிக் கரையேறிச் சேலை மாற்றுவதற்குள் ஆண்கள் எண்ணெய் தேய்க்க உட்கார்ந்துவிட்டார்கள். குற்றாலத்துக்குப் போய் எண்ணெய் தேய்க்காமல் குளிக்கிறவன் எங்கள் பக்கத்தில் உண்டா? உச்சியிலிருந்து உள்ளங்கால்வரை வழிய வழியத் தேய்த்துக்கொண்டு, ஊறட்டும் என்று ஊர்க்கதை பேசிக்கொண்டிருந்தார்கள்.

என் வீட்டுக்காரர் எண்ணெய்க் கிண்ணத்தோடு என் பக்கம் வந்தார். "முதுகுல கொஞ்சம் தேச்சு விடுதியா?" என்று கேட்டார். குரலில் கேலி இல்லை. சமாதானத்துக்குத்தான் வந்திருக்கிறார் என்று எனக்கு நன்றாகவே தெரிந்தது. நான் ஈரத் தலையை உதறி முடிந்துகொண்டு வேறு பக்கம் திரும்பிவிட்டேன். அவர் கிண்ணத்தை எடுத்துக்கொண்டு, கல்லுக்குக் கல் தாண்டி, ஆற்றின் நடுவில் இருந்த ஒரு பாறையில் போய் எங்களுக்கு முதுகைக் காட்டி உட்கார்ந்தார். அத்தான் போட்ட சட்டத்தில் அந்தப் பாறை கிடையாது. அத்தான் அப்போது கண்ணில் எண்ணெய் போய்த் துண்டைத் தேடிக்கொண்டிருந்தார். நான் பார்த்தேன். சொல்லவில்லை, பேச்சுத்தான் இல்லையே.

கொஞ்ச நேரத்தில் மேட்டில் சிவப்புத் துண்டு ஆடியது.

ஆடியது என்றால் சும்மா இல்லை. பெரிய அண்ணன் இரண்டு கையாலும் வீசிக்கொண்டு குதித்தார். அத்தான் உடனே விசிலை ஊதினார். தண்ணீருக்குப் பக்கத்தில் இருந்த சின்ன அண்ணன் எழுந்து கரைக்கு ஓடிவந்தார். மயினிமார் துணிமணியை அள்ளிக்கொண்டு மேட்டுக்கு ஏறினார்கள். எல்லாம் சொல்லிவைத்தபடி நடந்தது. பாறையில் இருந்த முதுகு மட்டும் அசையவில்லை. அந்த அருவி இரைச்சலில் விசில் சத்தம் கரையைத் தாண்டவில்லை.

"சகலை! ஏ சகலை!" என்று அத்தான் கத்தினார். சின்ன அண்ணன், "மாப்ளே! வாரும் மாப்ளே!" என்று கத்தினார். ஆண்களுடைய கட்டைக் குரல் அருவிச் சத்தத்தோடு சேர்ந்து போய்விட்டது. சின்ன அண்ணன் ஒரு கூழாங்கல்லை எடுத்து அவர் பக்கத்தில் விழும்படி எறிந்தார். அவர் திரும்பிப் பார்க்காமலே கையை வீசி 'போ போ' என்றார். குரங்கு என்று நினைத்துக்கொண்டார். அத்தான் கயிற்றை இடுப்பில் சுற்றிக்கொண்டு, மறுமுனையைச் சின்ன அண்ணன் கையில் கொடுத்து, தண்ணீரில் இறங்கினார். இறங்கின வேகத்தில் கயிறு அண்ணன் கையிலிருந்து வழுக்கிக்கொண்டு போயிற்று. அண்ணன் கையிலும் எண்ணெய், கயிற்றிலும் எண்ணெய். பஸ்ராவில் எவனும் எண்ணெய் தேய்த்துக்கொண்டு கயிறு பிடித்திருக்க மாட்டான் போலிருக்கிறது. "மண்ணை அள்ளிக் கையில தேயிலே!" என்று அத்தான் அலறினார்.

அதற்குள் தண்ணீரில் சருகு வர ஆரம்பித்துவிட்டது. பாலாக இருந்த நுரை தேத்தண்ணி நிறமாக மாறிக்கொண்டு வந்தது.

அக்கா என் தோளைப் பிடித்து உலுக்கினாள். "ஏட்டி, கூப்பிடு! நீ கூப்பிடு!"

"ஏங்க!" என்று கத்தினேன். எனக்குப் பின்னால் மேட்டிலிருந்து மயினிமாரும் அவரவர் பயத்தில் அவரவர் புருஷனை "ஏங்க, ஏங்க" என்று கூப்பிட்டுக்கொண்டிருந்தார்கள். பொம்பளைகள் எதற்கோ கூச்சல் போடுகிறார்கள் என்று அந்த முதுகு நிம்மதியாக உட்கார்ந்து தோளில் எண்ணெய் தேய்த்துக்கொண்டிருந்தது. அவருக்கு என்று ஒரு கூப்பாடு என்னிடம் இல்லை. ஊரில் இருக்கிற எல்லாப் பெண்களும் எல்லாப் புருஷன்மாரையும் கூப்பிடுகிற சொல்தான் என்னிடமும் இருந்தது.

பெயர் தொண்டைவரை வந்து நின்றது. சொன்னால் ஆயுசு குறையும். சொல்லாவிட்டால் ஆயுசே இல்லை. இதில் யோசிக்க என்ன இருக்கிறது என்று நீங்கள் கேட்கலாம். எனக்கு அந்த இடத்தில் வாய் பூட்டிக்கொண்டது, அதுதான் உண்மை. மாமியார் அடுக்களை நிலையில் நிற்பது கண்ணுக்குத் தெரிந்தது. பிறகு, பாறையின் அடியில் இருந்த சின்னக் கல் ஒன்று தண்ணீருக்குள் போய் மறைவது தெரிந்தது.

கத்திவிட்டேன். பெயரை மட்டும் சொல்லியிருந்தாலும் பரவாயில்லை. வயலில் வேலை செய்கிற பயலைக் கூப்பிடுவதுபோல, "ஏலே!" என்று ஆரம்பித்து, முழுப் பெயரையும் சொல்லி, "எந்திரிச்சு வாலே!" என்று முடித்தேன். என் குரலா அது என்று எனக்கே தெரியவில்லை.

முதுகு விறைத்தது. தலை திரும்பியது. பிறந்ததிலிருந்து பெண் வாயில் கேட்டறியாத பெயர். அதோடு ஒரு 'லே' வேறு. மனுஷன் முகம் சிவந்துபோய் எழுந்தார். ஆற்றையும் பார்க்கவில்லை, அண்ணனையும் பார்க்கவில்லை. "எவட்டி அது? எவ பேரைச் சொன்னது?" என்று கேட்டுக்கொண்டே கல்லுக்குக் கல் தாண்டி வந்தார். வந்தது தப்பித்துக்கொள்ள இல்லை, என்னை அடிக்க. வரட்டும், வந்து அடிக்கட்டும், சீக்கிரம் வந்து அடிக்கட்டும் என்று நான் இரண்டு கையையும் நீட்டிக்கொண்டு நின்றேன்.

கடைசிக் கல்லில் கால் வைத்தபோது தண்ணீர் முழங்காலை அடித்தது. சாய்ந்தார். அத்தான் அவர் கையைப் பிடித்தார், வழுக்கியது. தோளைப் பிடித்தார், அதுவும் வழுக்கியது. எண்ணெய் ஊறின உடம்பில் பிடிப்பதற்கு என்ன இருக்கிறது? அத்தான் விடவில்லை. இடுப்பில் கையைவிட்டு அரைஞாண் கயிற்றுக்குள் விரலைக் கோத்து ஒரு சுண்டு சுண்டினார். என் வீட்டுக்காரர் கரையில் வந்து குப்புற விழுந்தார். எண்ணெய்க் கிண்ணம் மட்டும் இடது கையில் அப்படியே இருந்தது.

எழுந்து என் முன்னால் வந்து கையை ஓங்கினார். அப்போதுதான் பின்னால் வெள்ளம் வந்து இறங்குகிற சத்தம் கேட்டது. திரும்பிப் பார்த்தார். பாறை இல்லை. அது இருந்த இடத்தில் சிவப்புத் தண்ணீர் ஒரு மரக்கிளையைப் புரட்டிக்கொண்டு ஓடியது. ஓங்கின கை அப்படியே நின்றது. பிறகு அந்தக் கையால் தன் தலையைத் தடவிக்கொண்டார்.

எனக்கு அழுகை, சிரிப்பு, வசவு மூன்றும் ஒன்றாக வந்தது. "உம்மை யாரு அங்கன போய் உக்காரச் சொன்னா? புத்தி இருக்கா? இங்கன இடமா இல்ல?" என்று நெஞ்சில் இரண்டு கையாலும் குத்தினேன். என் அண்ணன்மார் முன்னால், வெட்கமில்லாமல். கையெல்லாம் எண்ணெய் ஆயிற்று. அவர் குத்து வாங்கிக்கொண்டே நின்றார். மூச்சு சீரானதும் மெதுவாகச் சொன்னார்: "புளிச்சோத்துல உப்பு சரியாத்தான் இருந்துச்சு."

அத்தான் ஒரு கல்லில் உட்கார்ந்து விசிலைத் துடைத்துக்கொண்டிருந்தார். துடைக்க அதில் ஒன்றும் இல்லை. எல்லோரையும் ஒருதரம் எண்ணினார், மறுபடியும் எண்ணினார். "எல்லாரும் இருக்கோம்" என்று யாரிடமோ சொல்வதுபோலச் சொன்னார். அக்கா அவர் பக்கத்தில் போய் உட்கார்ந்து, முந்தானையால் அவர் முகத்தை ஒற்றினாள். அதற்குப் பிறகு அவரை அவள் பட்டாளம் என்று கேலி செய்து நான் கேட்கவில்லை.

இறங்கும்போது ஒரே சிரிப்பு. "ஏலே, எந்திரிச்சு வாலே!" என்று மயினிமார் ஒருவரை ஒருவர் கூப்பிட்டுக்கொண்டு வந்தார்கள். உயிர் போய் வந்த பயம் எல்லோருக்கும் அப்படிச் சிரிப்பாக வெளியே போயிற்று. வண்டி தென்காசியை நெருங்க நெருங்க எனக்கு மட்டும் மாமியார் நினைப்பு வந்தது. வீட்டில் யாரும் வாயைத் திறக்கக் கூடாது என்று எல்லோரிடமும் சத்தியம் வாங்கினேன். வாங்கி என்ன பிரயோஜனம்? வாசலில் கால் வைத்ததும் என் வீட்டுக்காரரே முதலிலிருந்து கடைசிவரை ஒன்றுவிடாமல் தாயாரிடம் ஒப்பித்துவிட்டு, உடம்பு எண்ணெயைக் கழுவ முற்றத்துக்குப் போய்விட்டார்.

நான் விளக்கேற்றுகிற சாக்கில் அடுக்களைக்குள் போனேன். மாமியார் அடுப்பின் முன்னால் குத்துக்காலிட்டு உட்கார்ந்திருந்தார். நெருப்பைத் தள்ளிவிட்டார். என்னை ஏறிட்டுப் பார்க்கவில்லை.

"பேரைச் சொன்னியாமே."

"ஆமா அத்தை. வேற வழி இல்ல அத்தை. தண்ணி வந்துட்டு."

"எப்படிக் கூப்பிட்டே?"

நான் விளக்குத் திரியை நிமிண்டினேன்.

"கேக்குதேன்லா. எப்படிக் கூப்பிட்டேன்னு சொல்லு."

மெல்ல, உதட்டுக்குள்ளே, அந்தப் பெயரைச் சொன்னேன். 'லே'யை விட்டுவிட்டேன். மாமியார் கையிலிருந்த விறகுக் குச்சி அப்படியே நின்றது. அவர் வாய் அசைந்ததுபோல இருந்தது. சத்தம் வரவில்லை. இருபத்தைந்து வருஷப் பழக்கம் ஒரு நாளில் விடுமா?

"எனக்குச் சரியாக் காதுல விழல. இன்னொரு தரம் சொல்லுட்டி. கொஞ்சம் சத்தமா."

சொன்னேன். சத்தமாகவே சொன்னேன்.

முற்றத்திலிருந்து என் வீட்டுக்காரர் குரல் வந்தது, முதல் நாள் அத்தான் பழக்கிக்கொடுத்த மாதிரியே:

"இருக்கேன்!"

மாமியார் முந்தானையை எடுத்துக் கண்ணைத் துடைத்தார். புகை என்று சொல்லவில்லை.

"கேட்டியா? இருக்கானாம்ட்டி" என்றார்.